லைவ் நாடகத்துல நடுவுல ஆளு போயிட்டா என்ன பண்ணுவாங்க?

கோபி கரும்புக்காரன்:
ஏனுங்க, பழைய டிவி சமாச்சாரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க. நேத்து பேக்கரில டீ குடிக்கைல என்ர மச்சான் சொன்னாரு, இங்கிலாந்துல அந்தக் காலத்துல டிவில லைவா நாடகம் ஓடறப்பவே ஒரு சின்ன நடிகரு செத்துட்டாராம், மத்தவங்க நிறுத்தாம நடிச்சு முடிச்சாங்களாம். கதை உடறாருன்னு சிரிச்சுப்போட்டேன், அவரு கோவிச்சுக்கிட்டு தேங்கா பன்னைக்கூட பாதில வெச்சுட்டுப் போயிட்டாரு. நெசமாங்க?

பழைய ரேடியோ:
நெசந்தானுங்க, மச்சானுக்கு முழு பன்னா வாங்கிக் குடுங்க. 1958 நவம்பர் 30, ஞாயித்துக்கிழமை. ஐடிவிங்கற இங்கிலாந்து சேனல்ல 'ஆர்ம்சேர் தியேட்டர்'னு நாடக வரிசை, அன்னிக்கு 'அண்டர்கிரவுண்ட்'னு ஒண்ணு, மான்செஸ்டர் டிட்ஸ்பரி ஸ்டுடியோவுல இருந்து லைவ். கேரத் ஜோன்ஸ்னு வேல்ஸ்காரரு, வயசு 33 தான். ஒரு சேதி கொண்டாந்து சொல்லோணும், மத்தவங்க அதுக்காக நிக்கறாங்க, இவரு வர்றதும் தெரியுது, விழுகறதும் தெரியுது, என்னாச்சுன்னு தெரியல, கேமரா பாட்டுக்கு ஓடுது. "அவரு இங்க இருந்தா இப்படிச் சொல்லியிருப்பாரு"ன்னு அவரு வசனத்தை இவங்களே சேத்துச் சொல்லி ஓட்டியிருக்காங்க, கூட நடிச்ச பீட்டர் பவுல்ஸ் பின்னால சொன்னது இது. தயாரிப்பாளர் சிட்னி நியூமன், ஃபுட்பால் மேட்ச் எடுக்கற மாதிரி, என்ன நடக்குதோ அதை எடுன்னுட்டாராம். டைரக்டர் டெட் கோட்செஃப், 1982ல ராம்போ மொதப் படம் எடுத்தாரே அவருதான். இதுல கொடுமை, நாடகத்துலயும் ஜோன்ஸ் கேரக்டருக்கு ஹார்ட் அட்டாக் வரோணுமாம், நெசத்துலயும் அதே.

தாராபுரத்தான்:
நிறுத்தியிருக்கோணுங்க, என்ன பொழப்பு இது. எங்கூர்ல அண்ணமார் சாமி கும்பிடறப்ப படுகளம்னு, போர்ல செத்த மாதிரி விழுந்தவங்களை தீர்த்தம் தெளிச்சு எழுப்புவாங்க. ஒருக்கா எங்க அப்பாரு எந்திரிக்க கொஞ்சம் லேட்டாயிருச்சு, உடுக்கை அடிக்கறவரே கையை நிறுத்திப்போட்டாரு, ஆத்தா போட்ட சத்தம் இன்னும் காதுல இருக்குது.

பழைய ரேடியோ:
உங்க கோவம் நாயந்தானுங்க. ஆனா அன்னிக்கு டிவி நாடகம் முக்காவாசி லைவ்தான், அப்பறம் எடுத்து ஒட்டிக்கலாம்ங்கற பேச்சே இல்ல. பிபிசில ஞாயித்துக்கிழமை நாடகத்தை வியாழக்கிழமை மறுக்கா போடுவாங்க, மறுக்கான்னா டேப் இல்லீங்க, அத்தனை பேரும் வந்து மொதல்ல இருந்து நடிக்கோணும். பீட்டர் குஷிங்னு ஒரு நடிகரு நடிச்ச '1984'ங்கற பேருள்ள நாடகம் 1954 டிசம்பர் 12 ஒருக்கா, 16 ஒருக்கா. டிவி ஸ்க்ரீனுக்கு முன்னால சினிமா கேமராவை வெச்சுப் புடிச்சதால ரெண்டாவது தப்புச்சுது, மொதல்லது காத்தோட போச்சு. தட்டு தூக்கிட்டு வர்ற வேசம், போலீஸ்காரர் வேசம்னு வருசக்கணக்கா நடிச்சவங்க எத்தனையோ பேரு, காட்டறதுக்கு ஒரு அடி பிலிம் இருக்காது. ஜோன்ஸ் நடிச்சதைப் பத்தி யாரு பேசறா, அவரு வராத சீனைத்தான் இன்னிக்கும் பேசறோம்.

கோபி கரும்புக்காரன்:
மச்சானுக்குப் படிச்சுக் காமிச்சேனுங்க. ரெண்டு பன்னு கேக்கறாரு.