2004–06 பாட்காஸ்ட் கோப்புகள் யாரிடமாவது இருக்கிறதா?

நண்பர்களே, ஓர் உதவி வேண்டும். ஆடம் கரி 2004 ஆகஸ்டில் தொடங்கிய 'டெய்லி சோர்ஸ் கோட்', அதே ஆண்டு விஸ்கான்சின் பண்ணை வீட்டிலிருந்து ஒரு தம்பதி பேச ஆரம்பித்த 'டான் அண்ட் ட்ரூ ஷோ' போன்ற பழைய அமெரிக்க பாட்காஸ்ட்களின் எம்பி3 கோப்புகளைச் சேகரித்து வருகிறேன். 2005 ஜூனில் ஆப்பிளின் பாட்டு மென்பொருளான ஐட்யூன்ஸுக்குள் பாட்காஸ்ட் வருவதற்கு முந்தையவை கிடைத்தால் ரொம்ப நல்லது.

அப்போதெல்லாம் பலரும் வெட்டி ஒட்டவே மாட்டார்கள். கெட்ட வார்த்தை, இருமல், நடுவில் அடிக்கும் போன் எல்லாம் அப்படியே போகும். எனக்கு அதுதான் பொக்கிஷம். பழைய இணையப் பக்கங்களைச் சேமித்து வைக்கும் வேபேக் மெஷின் தளத்தில் தேடினால் பக்கம் இருக்கிறது, ஒலிக்கோப்பு பல நேரம் இல்லை.

அப்போது பாட்காஸ்ட் கேட்ட பழைய ஐபாட் (ஆப்பிளின் பாட்டுக் கருவி) இருந்தால் தயவுசெய்து தூக்கிப் போடாதீர்கள். கணினியில் இணைத்து, மறைந்திருக்கும் ஃபோல்டர்களைக் காட்டச் சொன்னால் 'ஐபாட் கண்ட்ரோல்' என்று ஒன்று தெரியும், அதற்குள் 'மியூசிக்'. கோப்புகளின் பெயர் புரியாத நாலு எழுத்தாக இருக்கும். பரவாயில்லை, நிகழ்ச்சியின் பெயர் பெரும்பாலும் கோப்புக்குள்ளேயே பதிவாகியிருக்கும். ஐட்யூன்ஸோடு சிங்க் (sync) மட்டும் செய்துவிடாதீர்கள், இருப்பதும் அழிந்துவிடலாம்.

வேறு வடிவத்துக்கு மாற்றாமல் அப்படியே அனுப்புங்கள். சிடியில் பதிந்து வைத்திருந்தாலும் சரி, பாதி எபிசோட் என்றாலும் சரி.