ஒரே நாளில் செட்டிநாடு: வழிகாட்டியுடன் 11 இடங்களைப் பார்ப்பது சாத்தியமா?

கோவைவாசி எழுதியது:

வணக்கம். தை மாதத்தில் என் பெற்றோரையும் கட்டடக்கலை படிக்கும் மகளையும் அழைத்துக்கொண்டு கோவையிலிருந்து காரைக்குடிக்கு வரவிருக்கிறோம். முதல் நாள் இரவு வந்து தங்கி, மறுநாள் முழுவதும் சுற்றிப் பார்த்துவிட்டு, அன்றிரவே புறப்பட்டுவிட வேண்டும். சுற்றுலா நிறுவனம் ஒன்று வேன், வழிகாட்டி இரண்டையும் சேர்த்து ஒருநாள் திட்டம் அனுப்பியிருக்கிறது. பிள்ளையார்பட்டி, குன்றக்குடி, வைரவன்பட்டி, ஆத்தங்குடி பெரிய வீடு, ஆத்தங்குடி டைல்ஸ் பட்டறை, கானாடுகாத்தான் அரண்மனை, திருமயம் கோட்டை, ஆயிரம் ஜன்னல் வீடு, கம்பன் மணிமண்டபம், கண்ணதாசன் மணிமண்டபம், பழம்பொருள் கடைவீதி என 11 இடங்கள் அதில் உள்ளன. காலை 8 மணிக்குத் தொடங்கி மாலை 6 மணிக்கு முடித்துவிடுவதாகச் சொல்கிறார்கள்.

அம்மாவுக்கு முழங்கால் வலி உண்டு. ஆனாலும் பிள்ளையார்பட்டியை விட்டுக்கொடுக்க மாட்டார். அப்பா வங்கியில் பணியாற்றி ஓய்வு பெற்றவர் என்பதால், நகரத்தார் எனும் நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள் கடல் கடந்து செய்த வட்டித்தொழிலைப் பற்றி யாராவது விவரமாகச் சொன்னால் மகிழ்வார். மகளுக்கு வீடுகளைத் தவிர வேறு எதிலும் நாட்டமில்லை. இந்தத் திட்டத்தை அப்படியே ஏற்றுக்கொள்ளலாமா, அல்லது எவற்றை விடலாம், வழிகாட்டி உண்மையிலேயே தேவையா என்பதை அந்தப் பகுதியை அறிந்தவர்கள் தெரிவித்தால் உதவியாக இருக்கும்.

பள்ளத்தூர்க்காரன் எழுதியது:

வணக்கம். 11 இடங்களுக்கு 10 மணி நேரம் என்று கணக்குப் போட்டவர், வேன் ஓடும் நேரத்தையும் சாப்பாட்டு நேரத்தையும் கழித்துப் பார்க்கவில்லை. அதைவிட முக்கியமாக, இங்கே எந்த இடம் எப்போது திறந்திருக்கும் என்பதையும் அவர் கருதவில்லை. பிள்ளையார்பட்டியில் பகல் 1 மணியளவில் நடை சாத்தினால் மாலை 4 மணிக்குத்தான் திறப்பார்கள். சிறிய கோயில்களில் நண்பகலுக்கு முன்பே சாத்திவிடுவதும் உண்டு. ஆகவே கோயிலைக் காலையில் முடித்துவிட்டு, வெயில் ஏறும் நேரத்தில் வீடுகளுக்குள் இருப்பதே இங்கே வழக்கமான முறை.

நான் சொல்லும் வரிசை இது. காலை 7 மணிக்கெல்லாம் பிள்ளையார்பட்டியில் இருங்கள். குன்றைக் குடைந்து உருவாக்கிய கருவறையில், இரண்டே கைகளுடன் துதிக்கையை வலப்புறம் சுழித்து அமர்ந்திருக்கும் கற்பக விநாயகரை நெரிசல் கூடுவதற்கு முன் நின்று பார்க்க முடியும். படியேறும் சிரமம் இல்லாத கோயில் என்பதால் உங்கள் அம்மாவுக்கும் ஏற்றது. குன்றக்குடி அப்படியல்ல, சண்முகநாதரைத் தரிசிக்க மலையேற வேண்டும். தைப்பூசத்துக்கு முந்தைய நாட்களில் பழனிக்குக் காவடி எடுத்து நடந்து செல்லும் நகரத்தார் அங்கே கூடுவார்கள் என்பதால், நீங்கள் வரும் தேதியைப் பொறுத்துக் கூட்டமும் மிகுந்திருக்கலாம். பிள்ளையார்பட்டியிலிருந்து ஆத்தங்குடி, பிறகு கானாடுகாத்தான், கடைசியாகக் காரைக்குடி என்று வந்தால் ஒரு வட்டமாக முடிந்துவிடும். போன வழியிலேயே திரும்ப வேண்டியதில்லை.

காரைக்குடி ஆயிரம் ஜன்னல் வீட்டை வெளியே நின்று பார்ப்பதோடு சரி. 1941ல் கட்டிய அந்த வீட்டுக்குள் பொதுமக்களை அனுமதிப்பதில்லை. கானாடுகாத்தானில் ராஜா சர் அண்ணாமலைச் செட்டியாரின் அரண்மனையும் பொதுவாக அப்படித்தான். திட்டத்தில் ‘அரண்மனை’ என்று எழுதியிருப்பதை நம்பி, உள்ளே போகப்போகிறோம் என்று எண்ணி வந்து, கேட் முன்னால் படம் எடுத்துக்கொண்டு ஏமாந்து திரும்புகிறவர்களைக் காண்கிறோம். ஆத்தங்குடி பெரிய வீட்டில் கட்டணம் செலுத்தி உள்ளே போகலாம். கானாடுகாத்தானில் வேறு சில வீடுகளைப் பார்த்துக்கொள்ளும் பெரியவரிடம் கேட்டுத் திறக்கச் செய்யலாம். எந்த வீட்டுச் சாவி யாரிடம் இருக்கிறது, இன்று திறப்பார்களா என்பதெல்லாம் உள்ளூர்க்காரருக்குத்தான் தெரியும். வழிகாட்டியின் தேவை முதலில் இங்கேதான். வரலாறு சொல்வது அதற்குப் பிறகு.

முகப்பும் வளவும் எழுதியது:

கட்டடப் பாதுகாப்புத் துறையில் இருக்கிறேன். உங்கள் மகளை மனத்தில் வைத்து எழுதுகிறேன். ஐந்து வீடுகளின் முகப்பைப் பார்ப்பதைவிட ஒரே வீட்டை முகப்பிலிருந்து பின்கட்டு வரை நடந்து பார்ப்பது பயனுள்ளது. இங்குள்ள பெரிய வீடுகள் ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடிகின்றன. தெருமட்டத்திலிருந்து நன்கு உயர்த்திய முகப்பில் இரு பக்கமும் திண்ணைகள், அதையடுத்து விருந்தினருக்கான கூடம், நிலைக்கதவைக் கடந்தால் திறந்த வானத்தோடு வளவு எனும் முற்றம், வளவைச் சுற்றிலும் மணமான ஒவ்வொரு மகனுக்கும் ஒதுக்கிய அறைகள், அதற்கும் பின்னால் பந்தி நடக்கும் இரண்டாம் கட்டு, சமையலுக்கான பின்கட்டு என ஒரே நேர்கோட்டில் அமைந்திருப்பதால், எல்லாக் கதவுகளும் திறந்திருக்கும்போது முன்வாசலில் நின்றால் பின்வாசல் வெளிச்சம் கண்ணில் படும். இந்த அமைப்பு அழகுக்காக மட்டும் ஏற்பட்டதன்று. வளவுகளின் வழியாக வெப்பக்காற்று மேலேறி வெளியேற, கதவுகளின் வழியாகக் காற்று ஊடுருவுகிறது. ஓட்டுச் சரிவுகள் வளவை நோக்கி இறங்குவதால் மழைநீர் அங்கே வந்து விழுகிறது. அந்தத் தகரத் தூம்புகளையும், அவற்றுக்கு நேர்கீழே அண்டா வைத்துப் பிடித்த இடங்களையும் உங்கள் மகள் வரைந்துகொள்ளட்டும். மிகுந்த நீர் வடிகால் வழியே ஊருணிக்குப் போகும்படி ஊரையே அமைத்திருக்கிறார்கள். தெருக்கள் கட்டம் போட்டதுபோல் நேராக இருப்பதையும் அப்போது கவனிக்கலாம்.

வழிகாட்டிகள் பெரும்பாலும் ‘இது பர்மாத் தேக்கு, இது இத்தாலிப் பளிங்கு, இது பெல்ஜியம் கண்ணாடி’ என்று ஒவ்வொன்றின் ஊரையும் பெயரையும் ஒப்பித்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். சுவரைத் தொட்டுப் பார்க்கச் சொல்கிறவர் கிடைத்தால் அவரை விடாதீர்கள். சுண்ணாம்புச் சாந்தைப் பல அடுக்குகளாகப் பூசி, மேல்பூச்சில் முட்டை வெள்ளைக்கரு சேர்த்துத் தேய்த்து மெருகேற்றிய சுவர் அது. தலைமுறைகள் கடந்தும் வழவழப்புக் குறையாமல் குளுமையாக இருக்கும்.

டைல்ஸ் பட்டறையில் குறைந்தது முக்கால் மணி நேரம் கேளுங்கள். ஒரு கண்ணாடித் துண்டின் மீது சட்டத்தை வைத்து, அதற்குள் பூ வடிவ அச்சை இறக்கி, அச்சின் ஒவ்வோர் அறையிலும் ஒவ்வொரு வண்ணக் கலவையைக் கரண்டியால் ஊற்றுகிறார்கள். பிறகு கை நடுங்காமல் அச்சை மேலே தூக்கியதும் வண்ணங்கள் ஒன்றோடொன்று ஒட்டி நிற்கின்றன, ஆனால் கலப்பதில்லை. அதன் மேல் உலர்ந்த மணலும் சிமெண்டும் தூவி, அதற்கும் மேல் ஈரச் சாந்தை நிரப்பி மட்டம் தட்டுகிறார்கள். காய்ந்தபின் தண்ணீர்த் தொட்டியில் சில நாட்கள் ஊற வைக்கிறார்கள். சூளையில் சுடுவதே கிடையாது. கண்ணாடி விலகியதும் தெரியும் பளபளப்பு அந்தக் கண்ணாடி தந்ததுதான். வேலையாட்கள் சாப்பாட்டுக்குப் போய்விட்டால் காய வைத்த கற்களை மட்டுமே பார்க்க முடியும் என்பதால், முற்பகலிலேயே அங்கே போய்விடுவது நல்லது.

யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியத் தற்காலிகப் பட்டியலில் செட்டிநாட்டு ஊர்த்தொகுதிகள் 2014ல் இடம்பெற்றன. அதில் தனித்தனி வீடுகளைவிட ஊரமைப்பே முன்னிறுத்தப்பட்டது என்பதை நினைவில் வைத்துக்கொண்டு, கானாடுகாத்தானில் வேனை ஊருணிக்கரையில் நிறுத்திவிட்டு நடந்து பாருங்கள்.

சேதுநாட்டான் எழுதியது:

மேலே சொன்னவற்றோடு பெரும்பாலும் உடன்படுகிறேன். ஆனால் திருமயத்தை இவ்வளவு எளிதாகக் கைவிடுவதை ஏற்க முடியவில்லை. 1687ல் சேதுபதி மன்னர் கட்டிய கோட்டை அது. அடிவாரத்தில் ஒரே குன்றைக் குடைந்து சிவனுக்கும் பெருமாளுக்கும் அருகருகே குடைவரைக் கோயில்கள் இருக்கின்றன. சத்தியமூர்த்திப் பெருமாள் கோயிலில் பள்ளிகொண்ட பெருமாளின் திருமேனி பாறையிலேயே வடித்தது. கானாடுகாத்தானிலிருந்து அதிக தூரமும் இல்லை. வீடுகள் எல்லாம் அண்மைக் கால வரலாறு. இந்த மண்ணுக்கு அதற்கு முன்பும் வரலாறு உண்டு என்பதைத் திருமயம்தான் காட்டும்.

இன்னொரு செய்தி. உறவினர்களோடு இதேபோன்ற ஒருநாள் சுற்றுலாவில் வந்தபோது, எங்களுடன் வந்த வழிகாட்டி பெரிய வீட்டில் கால் மணி நேரத்தில் எங்களைக் கிளப்பிவிட்டு, பழம்பொருள் கடை ஒன்றில் ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்கார வைத்துவிட்டார். வாங்கினால் அவருக்குத் தரகு கிடைக்கும் போலும். காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகள் பார்க்கத் தகுந்தவைதாம். எனாமல் பாத்திரங்கள், பழைய பூட்டுகள், கடைகளில் மாட்டியிருந்த விளம்பரத் தகடுகள் என்று பொழுது போவதே தெரியாது. ஆனால் எவ்வளவு நேரம் அங்கே இருப்பது என்பதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும். இடிக்கப்பட்ட வீடுகளிலிருந்து பெயர்த்தெடுத்த தூண்களும் நிலைகளும் அங்கே விற்பனைக்கு நிற்பதைக் கண்டால் உங்கள் மகள் வருந்தக்கூடும்.

கோவைவாசி எழுதியது:

அனைவருக்கும் நன்றி. திருமயத்தில் அம்மாவால் ஏற முடியாது என்று தயங்குகிறேன். மதிய உணவை எங்கே வைத்துக்கொள்வது, அப்பாவின் ஆர்வத்துக்கு ஏதேனும் வழி உண்டா, வழிகாட்டியை அரை நாளுக்கு மட்டும் அமர்த்திக்கொள்ள முடியுமா என்பதையும் சொல்லுங்கள்.

தேவகோட்டை ஆச்சி எழுதியது:

தம்பி, தை மாதம் என்பதால் ஒன்றைச் சொல்ல வேண்டும். அது முகூர்த்த மாதம். வெளியூரிலும் வெளிநாட்டிலும் இருக்கும் பங்காளிகள் எல்லாரும் கல்யாணத்துக்கும் முன்னோருக்குச் செய்யும் படைப்புக்கும் பொங்கலுக்கும் ஊருக்கு வந்து, ஆண்டு முழுதும் பூட்டிக் கிடந்த வீட்டைத் திறந்து தங்குவார்கள். அந்த நாட்களில் வெளியாரை உள்ளே விட மாட்டார்கள், அது நியாயமும்கூட. ஒரே வீட்டுக்குப் பல பேர் பங்குக்காரர்களாக இருப்பதால், ஒருவர் சம்மதித்தாலும் இன்னொருவர் தடுக்கலாம். எனவே எந்த வீடு என்பதை முதல் நாள் மாலை வழிகாட்டி தொலைபேசியில் கேட்டு உறுதி செய்யட்டும். உள்ளே போனால் சாமி அறைப் பக்கம் போக வேண்டாம். பூட்டிய அறைகளின் தாழ்ப்பாளை அசைத்துப் பார்க்க வேண்டாம். படம் எடுப்பதற்கு முன் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். காவலிருப்பவருக்குக் கையில் ஏதாவது கொடுத்துவிட்டு வருவது மரியாதை.

சாப்பாட்டைக் கானாடுகாத்தானில் உள்ள வீட்டு விடுதிகளில் ஒன்றிலோ, காரைக்குடியில் ‘பங்களா’ எனும் விடுதியிலோ இலை போட்டுச் சாப்பிடலாம்; இரண்டுக்கும் முன்கூட்டியே சொல்லி வைக்க வேண்டும். காரம் தூக்கலாக இருப்பதுதான் செட்டிநாட்டுச் சமையல் என்று வெளியூர் ஓட்டல்கள் பரப்பிவிட்டன. அரிசி கழுவிய நீரில் செய்யும் மண்டியும் இனிப்பான கும்மாயமும் கவுனி அரிசியும் வெள்ளைப் பணியாரமும் கேட்டு வாங்கிச் சாப்பிடுங்கள். உங்கள் அம்மாவுக்குக் கண்டாங்கிச் சேலை வாங்க எண்ணம் இருந்தால், காரைக்குடியில் நெசவு நடக்கும் இடத்திலேயே பார்த்து வாங்கலாம்.

உங்கள் அப்பாவுக்கு என் பங்காக ஒரு செய்தி: இந்தியன் ஓவர்சீஸ் வங்கி 1937 பிப்ரவரி 10 அன்று சென்னை, காரைக்குடி, ரங்கூன் ஆகிய 3 ஊர்களிலும் ஒரே நாளில் தொடங்கியது. அதை நிறுவியவர் எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார். ஐந்தே ஆண்டுகளில் ஜப்பானியர் பர்மாவுக்குள் புகுந்ததும் ரங்கூன் போக்குவரத்து அற்றுப்போனது. போருக்குப் பிறகு அங்கே நிலங்களும் தொழில்களும் அரசுடைமையாயின. இங்கே வீடுகள் பூட்டிக் கிடப்பதற்கான காரணத்தில் பாதி அதுதான் என்பதை வழிகாட்டி சொல்லாவிட்டால் நீங்களே பேச்சைத் தொடங்குங்கள். திண்ணையில் உட்கார்ந்திருக்கும் பெரியவர்கள் மீதியைச் சொல்லுவார்கள்.

பள்ளத்தூர்க்காரன் எழுதியது:

ஆச்சி சொன்னதற்கு மேல் அதிகம் சொல்ல இல்லை. பிள்ளையார்பட்டிக்கு வழிகாட்டி வேண்டாம். வேன் மட்டும் போதும். காலை 9.30 மணிக்கு ஆத்தங்குடிப் பட்டறையில் அவர் உங்களோடு சேர்ந்துகொள்ளும்படியும், மாலை 4 மணிக்குக் கானாடுகாத்தானில் விடைபெறும்படியும் பேசிக்கொள்ளுங்கள். திருமயத்துக்கு ஆசைப்பட்டால், மதியச் சாப்பாட்டுக்குப் பின் பெரியவர்கள் விடுதியில் ஓய்வெடுக்கட்டும். நீங்களும் மகளும் போய் வரலாம். ஆனால் குடைவரைக் கோயில்கள் மாலையில்தான் திறக்கும் என்பதால், அந்த நேரத்தில் கோட்டையை மட்டும்தான் பார்க்க முடியும். அப்படிப் போனால் கானாடுகாத்தானில் நடக்கும் நேரம் குறைந்துவிடும் என்பதால் நான் போக மாட்டேன். சேதுநாட்டான் கோபித்துக்கொள்ள வேண்டாம்.

கண்ணதாசன் மணிமண்டபம் காரைக்குடிப் பேருந்து நிலையத்தை ஒட்டியே இருக்கிறது; இரவு புறப்படுவதற்கு முன் நேரம் இருந்தால் எட்டிப் பார்க்கலாம். நிறுவனத்தாரிடம் பேசும்போது, எந்த வீடுகளுக்குள் உண்மையிலேயே அழைத்துச் செல்வார்கள், நுழைவுக் கட்டணமும் காவலருக்குத் தருவதும் அவர்கள் சொன்ன தொகைக்குள் அடங்குமா என்ற இரண்டையும் முன்பணம் அனுப்புவதற்கு முன்பே எழுத்தில் வாங்கிவிடுங்கள்.