கதை எழுதும் ஒளிப்பதிவாளர் கேமராவை விட்டுவிட வேண்டுமா?

வெயில்நேரம்:
வேண்டும் என்பதுதான் என் கட்சி. கே.வி.ஆனந்த் 'தேன்மாவின் கொம்பத்து' (1994) படத்துக்குத் தேசிய விருது வாங்கிய ஒளிப்பதிவாளர். இயக்க வந்ததும் இரட்டை எழுத்தாளர்கள் சுபாவோடு உட்கார்ந்து எழுதினார். கேமராவை 'அயன்' படத்தில் எம்.எஸ்.பிரபுவிடமும், 'கோ'வில் ரிச்சர்ட் எம்.நாதனிடமும் கொடுத்துவிட்டார். எழுதியவர் நடிகரைப் பார்க்க வேண்டும், வெளிச்சத்தை அல்ல.

மூன்றாம்வரிசை:
அப்படியென்றால் பாலு மகேந்திராவை எங்கே வைப்பீர்கள்? 'வீடு' படத்தில் திரைக்கதை, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாம் அவரே. பாதி கட்டிய வீட்டைப் பார்க்கச் சொக்கலிங்க பாகவதர் தனியாகப் போவார், ஞாபகம் இருக்கிறதா? பூசாத சுவரைத் தொட்டுப் பார்ப்பார். வசனம் கிடையாது. அந்த வெளிச்சமும் அந்தக் கிழவரின் முகமும் போதும் என்று எழுதும்போதே தெரிந்தவரால்தான் அப்படி விட முடியும்.

வெயில்நேரம்:
அந்தக் காட்சியை யார் மறுப்பார்கள்? ஆனால் எல்லாருக்கும் அது கைவராது. நான் ஆறு வருடம் உதவி ஒளிப்பதிவாளராக இருந்தவன். கதை, இயக்கம், கேமரா மூன்றும் ஒருவரே பார்த்த படம் ஒன்று. ஜன்னல் வெயில் இறங்குவதற்குள் எடுக்க வேண்டிய ஷாட். அம்மாவாக நடித்தவர் வசனத்தை முடித்துவிட்டு, தானாகவே மகனின் சட்டைக் காலரை நீவிவிட்டார். லைட்மேனுக்கே கண் கலங்கிவிட்டது. இயக்குநரோ சுவர் நிழலைப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஒன் மோர், வெளிச்சம் அரை ஸ்டாப் குறைஞ்சிருச்சு." அடுத்த டேக்கில் அந்தக் கை வரவே இல்லை. அந்த அம்மாவை எழுதியதே அவர்தான். எனக்கு இன்னும் ஆறவில்லை.

மூன்றாம்வரிசை:
படிக்கவே கஷ்டமாக இருக்கிறது. ஆனாலும் அது அந்த மனிதரின் கவனக்குறைவு. மானிட்டர் முன்னால் சும்மா உட்கார்ந்துகொண்டே இதைத் தவறவிடுகிற இயக்குநர்களும் இருக்கிறார்களே.

பனங்காடு:
இரண்டு பேரும் தங்கர் பச்சானை மறந்துவிட்டீர்கள். 'அழகி' (2002) அவருடைய சிறுகதையிலிருந்து வந்தது, ஒளிப்பதிவும் அவரே. 'ஒன்பது ரூபாய் நோட்டு' முதலில் அவர் எழுதிய நாவல், 2007இல்தான் படம். ஆக, அவருக்கு எழுத்து என்பது கேமராவுக்குப் பிறகு ஏறிய படி இல்லை. கேமராவை யார் பிடிப்பது என்பதைவிட, எழுத ஏதாவது இருக்கிறதா என்பதுதான் முக்கியம். பி.சி.ஸ்ரீராம் 'குருதிப்புனல்' (1995) படத்தை இயக்கி, ஒளிப்பதிவும் செய்தார். திரைக்கதையைக் கமல்ஹாசனிடம் விட்டார். அதுவும் ஒரு நேர்மைதான்.

வெயில்நேரம்:
சரி, தங்கர் பச்சானை ஒத்துக்கொள்கிறேன். புதிதாக எழுத வருகிற ஒளிப்பதிவாளருக்கு மட்டும் ஆனந்த் வழியைத்தான் சொல்வேன்.

மூன்றாம்வரிசை:
ஆனந்த் மட்டும் முழுசாக விட்டாரா என்ன? பத்திரிகைப் புகைப்படக்காரராகத் தொடங்கியவர் அவர். 'கோ'வின் நாயகன் யார்? பத்திரிகைப் புகைப்படக்காரன். தன் கையிலிருந்து இறக்கிய கேமராவை அவன் கழுத்தில் மாட்டிவிட்டார்.