தடை உத்தரவு கையில் இருக்கிறது, சுவரும் எழும்புகிறது. கோர்ட் அவமதிப்பு வழக்கு போடலாமா?

கிணத்துமேட்டான்:
வணக்கம். எங்கள் கிணற்றுக்குப் போகும் எட்டடிப் பாதையைத் தன் பட்டாவில் வருகிறது என்று சொல்லிப் பெரியப்பா மகன் மறிக்கப் பார்த்தார். முன்சிப் கோர்ட்டில் வழக்குப் போட்டு எக்ஸ்பார்ட்டியாக, அதாவது எதிர்த்தரப்பைக் கேட்காமலே, இடைக்காலத் தடை வாங்கினோம். இரண்டு வாரம் சும்மா இருந்தவர், போன சனிக்கிழமை ராத்திரி வேப்பமரத்தில் ஃபோகஸ் லைட்டைக் கட்டி மூன்று கொத்தனாரை இறக்கிவிட்டார். சனி ஞாயிறு கோர்ட் கிடையாது பாருங்கள், கணக்குப் போட்டுத்தான் செய்திருக்கிறார். திங்கட்கிழமை பார்த்தால் சுவர் இடுப்பளவு. ஸ்டேஷனில் கேட்டால் சிவில் மேட்டராம். நேராக ஹைகோர்ட் மதுரைக் கிளையில் அவமதிப்பு வழக்கு போட்டு ஆளை உள்ளே தள்ள முடியுமா?

பழைய குமாஸ்தா:
தம்பி, அவசரப்படாதீங்க. கீழ்க்கோர்ட் உத்தரவை மீறினாலும் 1971-ஆம் வருஷ நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 10-ஆவது பிரிவுப்படி ஹைகோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு, ஆனால் உங்கள் மாதிரி வழக்கில் பெரும்பாலும் 'முதலில் அந்தக் கோர்ட்டுக்கே போ' என்றுதான் சொல்வார்கள். சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 39 ரூல் 2ஏ இதற்கென்றே இருக்கிறது. தடை கொடுத்த அதே கோர்ட்டில் ஒரு ஐ.ஏ. (வழக்குக்குள்ளேயே போடும் இடைக்கால மனு) போட்டால் போதும், சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம்.

அதைவிட முக்கியம், தடை இருப்பது அவருக்குத் தெரியும் என்று நீங்கள் காட்டியாக வேண்டும். எக்ஸ்பார்ட்டி தடை என்றால் மனு, அஃபிடவிட், பிராது, ஆவண நகல்களை அன்றைக்கோ மறுநாளோ ரிஜிஸ்டர் தபாலில் அவருக்கு அனுப்பியிருக்க வேண்டும். ரசீது இருக்கிறதா? தபாலை வாங்கிக்கொண்டதற்கான அட்டை கையெழுத்தாகி வந்ததா? இல்லையென்றால் "எனக்கு எதுவும் தெரியாதுங்க ஐயா" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார். அப்புறம் ஒவ்வொரு வாய்தாவிலும் தடையை நீட்டித்ததாகக் குறிப்பு இருக்கிறதா என்றும் பாருங்கள். நான் இருந்த காலத்தில் நல்ல நல்ல கேஸெல்லாம் இந்த ஒரு வரி விட்டுப்போய்த்தான் படுத்தது.

வழிப்போக்கன்77:
ஸ்டே எல்லாம் ஆறு மாசத்தில் தானா காலாவதியாகிடும்னு சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கு. அவர் ஆறு மாசம் பொறுத்திருந்தா போதுமே?

பழைய குமாஸ்தா:
அது 2018 தீர்ப்பு. அதுவும் கீழ்க்கோர்ட் விசாரணைக்கு மேலே விழும் ஸ்டேயைப் பற்றியது, இந்த மாதிரி தடைக்குப் பொருந்தாது. அதையும் 2024 பிப்ரவரி 29-ஆம் தேதி ஐந்து நீதிபதிகள் அமர்வு தூக்கிவிட்டது.

மாமரத்து நிழல்:
அனுபவத்தில் சொல்கிறேன், ஜெயில் ஆசையை விடுங்கள் சார். நானும் மூன்று வருஷம் அலைந்தேன். கடைசி வாய்தாவில் எதிராளி கைகட்டி நின்று மன்னிப்புக் கேட்டார், முடிந்தது. ஹைகோர்ட் தண்டித்தாலும் உச்சவரம்பு ஆறு மாதம், அபராதம் 2,000 ரூபாய்தான். 1994-இல் உ.பி. முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கே, அதுவும் அயோத்தி விவகாரத்தில், ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாயும்தான். உங்களுக்குச் சுவர் போக வேண்டுமா, ஆள் உள்ளே போக வேண்டுமா? சுவர் என்றால் உடனே அட்வகேட் கமிஷனர், அதாவது இடத்தைப் பார்த்து அறிக்கை தரக் கோர்ட் நியமிக்கும் வக்கீல், கேட்டு மனு போடுங்கள். அவர் வந்து அளந்து, ஈரச் சிமெண்டைப் படம் எடுத்து ரிப்போர்ட் போட்டுவிட்டால் "இது பழைய சுவர்" என்ற பேச்சு எடுபடாது. பழையபடி பாதையைத் திறந்துவிடச் சொல்லி சிவில் நடைமுறைச் சட்டம் 151-ஆவது பிரிவில் தனி மனுவும் போடுங்கள். போலீஸ் பாதுகாப்பும் அதே வழியில் கேட்கலாம், கோர்ட்டே எழுதிக் கொடுத்தால் ஸ்டேஷனில் சிவில் மேட்டர் என்று தட்டிக்கழிக்க முடியாது.

கிணத்துமேட்டான்:
நன்றி அண்ணா, நன்றி சார். வக்கீல் ஆபீஸில் கேஸ் கட்டைப் பிரித்துப் பார்த்தோம். தபால் ரசீது இருக்கிறது, அட்டை இன்னும் திரும்பி வரவில்லை. ஆனால் உத்தரவு வந்த அன்றே அதைப் போட்டோ எடுத்து அவர் வாட்ஸப்புக்கு என் தங்கை அனுப்பியிருக்கிறாள். இரண்டு நீல டிக்கும், கீழே "பாத்துக்கலாம்" என்று அவர் பதிலும் அப்படியே கிடக்கிறது. அந்த போனை யாரும் தொடக்கூடாது என்று வக்கீல் வாங்கி வைத்துக்கொண்டார். கமிஷனர் மனு நாளைக்குக் கோர்ட்டில் பதிவாகி நம்பர் ஆகிறது. சுவர் இப்போது நெஞ்சளவு.