எஸ்கியூஎல் சர்வர் உரிமம்: சிஏஎல்லா, கோரா?

வணக்கம். மட்டக்களப்பு, கல்முனைக் கிளைகள் உள்ள கடையொன்றுக்கு எங்கட பில்லிங் மென்பொருள் போடுறம். அது ஓடுறது மைக்ரோசொப்டின் தரவுத்தள மென்பொருளான எஸ்கியூஎல் சர்வரில். அதன் இலவசப் பதிப்பான 2022 எக்ஸ்பிரஸில் ஒரு தரவுத்தளத்துக்கு 10 ஜிபிதான்; நிரம்பப் போகுது. காசு கட்டி எடுக்கிற ஸ்டாண்டர்ட் பதிப்பில் உரிமத்துக்கு இரண்டு வழி: சர்வர் உரிமத்தோடு ஆளுக்கோ கருவிக்கோ ஒரு சிஏஎல் (சர்வரை அணுகுறதுக்கான உரிமம்), இல்லாட்டி சர்வர் புரொசசரில் உள்ள கோர்களின் எண்ணிக்கைப்படி கோர் கணக்கு. கோர் என்றால் புரொசசருக்குக் குறைந்தது 4 கோர் உரிமம் எடுக்கவேணும்.

பலர் சறுக்குறது இங்கதான்: எல்லாக் கவுண்டரும் ஒரே லொகினில் நுழைஞ்சாலும் சிஏஎல் எண்ணிக்கை குறையாது. 14 கவுண்டர், மாறி மாறி 30 காசாளர். கருவிக் கணக்கே மலிவு என்று நினைக்கிறன். முதலாளி போன், லப்டொப் இரண்டிலும் அறிக்கை பார்ப்பார், அவருக்கு மட்டும் ஆள் சிஏஎல்.

மென்பொருளோடு சேர்த்தே உரிமத்தை விற்கிற ஐஎஸ்வி ரோயல்டி ஒப்பந்தம் (மென்பொருள் தயாரிக்கிற நிறுவனங்களுக்கு மைக்ரோசொப்ட் குடுக்கிறது) செய்தவங்க இருக்கிறீங்களா? கொழும்பு விநியோகஸ்தர் ஊடாகவா செய்தீங்க? எத்தனை நாள் எடுத்தது?