[கலைச்சொல்] ஹெட்செட்டுக்குத் தமிழ் என்ன? வெள்ளிக்குள் வேண்டும்

சென்னை மொழிபெயர்ப்பாளர் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம்.

விளையாட்டுக் கன்சோலில் மாட்டும் யூ.எஸ்.பி. ஹெட்செட் ஒன்றின் பெட்டிக்குள் வைக்கிற மடக்குத்தாளைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வெள்ளி மாலைக்குள் கொடுத்தாக வேண்டும். மூலத்தில் ஹெட்போனும் ஹெட்செட்டும் வேறு வேறு பொருளில் வருகின்றன. மைக் இல்லாதது முன்னது, மைக் உள்ளது பின்னது. எனக்குக் கொடுத்த சொற்பட்டியலிலோ இரண்டுக்கும் 'தலையணி' என்றே இருக்கிறது. அதை அப்படியே வைத்து எழுதினால் வருவது இது:

"தலையணியைச் செருகினால் ஒலி மட்டும் கேட்கும். உங்கள் அணியினருடன் பேசத் தலையணியை அணியவும்."

இதைப் படிக்கிற பையன் எந்த அணியை எங்கே செருகுவான்? போதாக்குறைக்கு, மெய்ப்புப் பார்த்தவர் எழுத்துப்பிழை என்று நினைத்து ஓரிடத்தில் "தலையணையைச் செருகவும்" என்று திருத்தி அனுப்பியிருக்கிறார்.

கேட்கவும் பேசவும் உதவுகிற ஒரே கருவி. அதற்கு ஒரு சொல் வேண்டும். யாராவது கைகொடுங்கள்.

மதுரைத் தமிழாசிரியர் (ஓய்வு) எழுதியது:

அம்மையீர், 'அணி' வேண்டவே வேண்டாம். படையும் அணி, நகையும் அணி, உவமையும் அணி, இப்போது கிரிக்கெட் ஆடுகிறவர்களும் அணி. பாவம், அந்தச் சொல் ஏற்கெனவே சுமை தாங்காமல் நிற்கிறது.

418ஆம் குறளை எடுத்துக்கொள்ளுங்கள். "கேள்வியால் தோட்கப் படாத செவி." தோட்கப்படாத என்றால் துளைக்கப்படாத. தொளை, துளை, தோண்டு எல்லாம் ஒரே குடும்பம். காதில் போடும் தோடும் அதே வேரில் பிறந்தது என்பது என் துணிபு. ஆகவே ஹெட்போனுக்குச் 'செவித்தோடு', பேசும் வசதியும் இருந்தால் 'உரைத்தோடு'. செருகுகிற இடம் 'துளை'. "உரைத்தோட்டைத் துளையில் தொடுக்க." ஓசையைப் பாருங்கள்!

அதே குறளின் தொடக்கம் "கேட்பினுங் கேளாத் தகையவே". மாட்டிய பிறகும் கன்சோல் கண்டுகொள்ளாமல் இருக்கும் நிலைக்கு இதைவிடப் பொருத்தமான தொடர் கிடைக்குமா?

கோவை மின்னணுப் பொறியாளர் எழுதியது:

ஐயா, குறள் அருமை. ஆனால் மடக்குத்தாளில் "உரைத்தோட்டைத் தொடுக்க" என்று போட்டால் வாங்கியவர் நகைக்கடைக்குத்தான் போவார்.

சொல் தேடுவதற்கு முன்னால் பொருளைப் பார்ப்போம். 3.5 மி.மீ. பின் வைத்த பழைய வகையில் கம்பி வழியாக மின் அலை நேராக வருகிறது, ஒலிப்பான் அதிர்கிறது, அவ்வளவுதான். யூ.எஸ்.பி. வகையில் எண்களாக வருவதை ஒலிக்கான மின் அலையாக மாற்றும் சில்லு (சிப்) ஹெட்செட்டின் உள்ளேயோ கம்பியிலோ இருக்கிறது. மைக்கிலிருந்து போவதைத் திரும்ப எண்களாக்கும் வேலையும் அங்கேயே நடக்கிறது. மாட்டியதும் அது கன்சோலிடம் தன்னைப் பற்றிச் சொல்லும்: என்னிடம் ஒலி வெளியீடு ஒன்று உண்டு, ஒலி உள்ளீடு ஒன்று உண்டு என்று. கம்பி ஒன்று, கன்சோலின் கண்ணுக்கு வேலை இரண்டு.

நடைமுறையில் வரும் புகாரில் பாதி இதனால்தான். "பாட்டு நன்றாகக் கேட்கிறது, நான் பேசுவது மட்டும் யாருக்கும் கேட்கவில்லை" என்பார்கள். வெளியீடு ஹெட்செட்டுக்கு மாறியிருக்கும், உள்ளீடு பழைய இடத்திலேயே நிற்கும். பிளேஸ்டேஷன் 5இல் அமைப்புகளுக்குள் ஒலி என்ற பகுதியில் மைக்குக்குத் தனி இடம், வெளியீட்டுக்குத் தனி இடம். இரண்டையும் பார்க்க வேண்டும். ஹெட்போனுக்கு எல்லா ஒலியும் போகட்டுமா, அரட்டை ஒலி மட்டுமா என்றும் அங்கே ஒரு தேர்வு உண்டு. 'அரட்டை மட்டும்' என்று இருந்தால் ஆட்டத்தின் ஓசை தொலைக்காட்சியிலேயே நின்றுவிடும். ஹெட்செட் கெட்டுவிட்டது என்று கடைக்குத் தூக்கிக்கொண்டு போவார்கள்.

ஆகவே வரும் சொல்லில் கேட்பதும் பேசுவதும் இரண்டும் தெரிய வேண்டும். தலை, காது, செவி எதுவும் எனக்கு வேண்டாம். எங்கே மாட்டுகிறோம் என்பது வாங்குகிறவனுக்கே தெரியும்.

யாழ்ப்பாணம், பள்ளி ஆசிரியை எழுதியது:

மதுரை ஐயாவுக்கு ஒரு சிறு மறுப்பு. தோடு என்றால் ஓலை, இதழ். பனையோலையைச் சுருட்டிக் காதில் இட்டதால் அந்த நகைக்குத் தோடு என்று பெயர் வந்தது. துளைக்கும் அதற்கும் உறவு கொண்டாடுவது கடினம்.

எங்கள் பழைய பௌதிகப் புத்தகங்களில் மைக்குக்கு 'நுணுக்குப்பன்னி' என்று இருந்தது. நுணுக்குக்காட்டி (மைக்ராஸ்கோப்) போல நுணுக்குப்பன்னி. பன்னுதல் என்றால் திரும்பத் திரும்பச் சொல்லுதல். அந்த வழியில் ஹெட்செட்டுக்குச் 'செவிப்பன்னி' என்று தாராளமாகச் சொல்லலாம். ஒலிவாங்கி என்பதும் இங்கே எல்லோருக்கும் பழக்கம், அதையும் வைத்துக்கொள்ளுங்கள்.

கோவை மின்னணுப் பொறியாளர் எழுதியது:

> செவிப்பன்னி என்று தாராளமாகச் சொல்லலாம்

அக்கா, சொல் முறையாகப் பிறந்ததுதான். ஆனால் இந்தப் பக்கம் பன்னி என்றால் சாக்கடையோரம் மேய்வது. "பன்னியைக் கழற்றி மறுபடி மாட்டவும்" என்று அச்சடித்து அனுப்பினால் அந்தத் தாள் ஊரெல்லாம் படமாகச் சுற்றும்.

யாழ்ப்பாணம், பள்ளி ஆசிரியை எழுதியது:

உங்கள் பேச்சுவழக்கில் றகரம் தேய்ந்ததற்கு எங்கள் சொல் என்ன செய்யும், தம்பி?

மதுரைத் தமிழாசிரியர் எழுதியது:

அம்மையாரின் கேள்வி நியாயமானது. தோடு பற்றி அவர் சொன்னதை ஏற்க எனக்கு மனம் வரவில்லை. அது வேறு விஷயம். ஓலையைச் சுருட்டுவதே துளை உண்டாக்கத்தானே?

அது கிடக்கட்டும். மூலத்தில் 'போர்ட்' என்று வருமே, அதற்கு என்ன போட்டீர்கள்? 'துறை' என்று எழுதுகிறார்கள் சிலர். கப்பல் வருகிற போர்ட்டும் கம்பி மாட்டுகிற போர்ட்டும் ஒன்று என்று நினைத்துக்கொண்டதன் விளைவு. லத்தீனில் துறைமுகத்துக்கு வேறு சொல், வாயிலுக்கு வேறு சொல். கம்பி மாட்டுவது வாயிலின் வழி வந்தது. "யூ.எஸ்.பி. துறை" என்று படித்தால் அதற்கு ஓர் அமைச்சர் இருப்பார் போலத் தோன்றுகிறது.

யூ.எஸ்.பி.யில் வருகிற 'பஸ்' இன்னும் சுவையானது. எல்லோருக்கும் என்று பொருள்படும் ஆம்னிபஸ் என்ற லத்தீன் சொல்லின் வால் அது. தெருவில் ஓடுகிற பஸ்ஸும் அதே வால்தான். கணினித் தமிழில் அதைப் 'பாட்டை' என்கிறார்கள். ராஜபாட்டையின் பாட்டை. இந்தப் பாட்டை பாதையிலிருந்து வந்ததா, அல்லது படு, பட்டு, பட்டை என்ற வரிசையில்

(மீதியை நேரம் கிடைக்கும்போது எழுதுகிறேன். மின்சாரம் போய்விட்டது.)

சிங்கப்பூர் மாணவர் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். ரொம்ப நாளாகப் படிக்க மட்டும் செய்கிறேன், எழுதியதில்லை. இந்தத் தாளை வாங்கிப் படிக்கப்போவது என்னைப் போன்றவர்கள்தான், அதனால் சொல்கிறேன்.

நாங்கள் ஹெட்செட் என்றுதான் சொல்வோம். வீட்டில் அம்மாவும் அதையே சொல்கிறார். புதுச் சொல் போட்டால் அது என்ன என்று பார்க்க மறுபடி ஆங்கிலப் பக்கத்தைத் திருப்புவோம். அப்புறம் எதற்குத் தமிழில் ஒரு பக்கம்?

சொல்லைவிடத் தாளில் இருக்க வேண்டிய விஷயம் வேறு. கணினியில் வேலை செய்கிற எல்லா யூ.எஸ்.பி. ஹெட்செட்டும் எல்லாக் கன்சோலிலும் வேலை செய்யாது. எக்ஸ்பாக்ஸில் பொதுவான யூ.எஸ்.பி. ஹெட்செட்டை மாட்டினால் கன்சோல் திரும்பிக்கூடப் பார்க்காது. எக்ஸ்பாக்ஸுக்கென்று உரிமம் வாங்கிச் செய்ததாக இருக்க வேண்டும், இல்லையென்றால் கன்ட்ரோலரில் இருக்கும் 3.5 மி.மீ. துளையைப் பயன்படுத்த வேண்டும். நின்டெண்டோ சுவிட்ச் வெளிவந்தபோது யூ.எஸ்.பி. ஒலியே கிடையாது, 2017 அக்டோபரில் வந்த 4.0.0 புதுப்பிப்பில்தான் சேர்த்தார்கள். புளூடூத் ஒலி 2021இல் வந்தது, அதிலும் மைக் எடுக்காது. பிளேஸ்டேஷன் 5 சாதாரண புளூடூத் ஹெட்செட்டை நேரடியாகச் சேர்த்துக்கொள்ளாது, அதனால்தான் இவ்வளவு பேர் யூ.எஸ்.பி.க்கு வருகிறார்கள்.

இன்னொன்று. யூ.எஸ்.பி.-சி முனையிலிருந்து 3.5 மி.மீ.க்கு மாற்றுகிற சின்ன வால் கடையில் மலிவாகக் கிடைக்கும். சிலவற்றில் உள்ளே சில்லு கிடையாது, வெறும் கம்பி. அது சில போன்களில் பாடும், கன்சோலில் ஊமை. பார்வைக்கு இரண்டும் ஒரே மாதிரி இருக்கும்.

மைக் கேட்கவில்லை என்றால் நாங்கள் முதலில் பார்ப்பது கன்ட்ரோலரின் நடுவில் இருக்கிற ஒலியடக்குப் பொத்தானைத்தான். பிளேஸ்டேஷன் 5 கன்ட்ரோலரில் அது ஆரஞ்சு நிறத்தில் எரிந்தால் மைக் அடங்கியிருக்கிறது. விளையாடும்போது கைபட்டு அமுங்கிவிடும். அடுத்தது ஹெட்செட் கம்பியில் இருக்கிற சுவிட்ச். அதற்குப் பிறகுதான் அமைப்புகள்.

சென்னை மொழிபெயர்ப்பாளர் எழுதியது:

தம்பி, நீங்கள் எழுதியதில் பாதி மூலத்திலேயே இல்லை. சேர்க்கச் சொல்லிக் கேட்கிறேன்.

ஒரு யோசனை தோன்றியது. தொலைபேசி, கைபேசி என்று பழகிய 'பேசி' இருக்கிறது. அதன் முன்னால் 'கேள்' சேர்த்தால் 'கேள்பேசி'. கேட்பது, பேசுவது இரண்டும் வந்துவிடுகின்றன, கோவை அண்ணன் கேட்டபடி. மைக் இல்லாதது 'கேட்பி'. எப்படி?

மதுரைத் தமிழாசிரியர் எழுதியது:

மின்சாரம் வந்துவிட்டது. கேள்பேசி! வாழ்க. ஆனால் ளகரத்தின் பின் வல்லினம் வந்தால் டகரமாகத் திரிய வேண்டாமா? முள்+செடி முட்செடி ஆவதுபோலக் 'கேட்பேசி' என்றல்லவா வர வேண்டும்?

யாழ்ப்பாணம், பள்ளி ஆசிரியை எழுதியது:

வினைத்தொகை என்று கொண்டால் திரியாது ஐயா. கொள்கலத்தைக் கொட்கலம் என்று யாரும் எழுதுவதில்லை. கேள்பேசி சரி. கேட்பேசி என்றால் இவ்வளவு விலை கேட்டுப் பேரம் பேசுவதுபோலக் கேட்கிறது.

மதுரைத் தமிழாசிரியர் எழுதியது:

வினைத்தொகை என்றால் கேட்ட பேசி, கேட்கின்ற பேசி, கேட்கும் பேசி என்று முக்காலத்துக்கும் விரிய வேண்டும். விரிகிறது, ஒப்புக்கொள்கிறேன். இன்னொரு நயமும் உண்டு: கேள் என்றால் உறவு. யாவரும் கேளிர் என்றானே கணியன். உடன் ஆடுகிறவர்களோடு பேச உதவுவதால் கேள்பேசி என்றும் கொள்ளலாம். உம்மைத்தொகையாகவும் கொள்ள இடம் உண்டா என்று நன்னூலைப் புரட்டிவிட்டுச் சொல்கிறேன்.

கோவை மின்னணுப் பொறியாளர் எழுதியது:

கேள்பேசியில் எனக்கு ஓர் இடறல். போன் நிறுவனங்கள் நாளைக்கே காது கேளாதவர்களுக்கான கருவி எதற்காவது இந்தப் பெயரை வைத்துவிடும். மற்றபடி வினைத்தொகையோ வேற்றுமைத்தொகையோ, வாயில் நுழைகிறது. பெட்டியின் மேல் ஹெட்செட் என்று அச்சிட்டுவிட்டு உள்ளே இருக்கும் தாளில் மட்டும் கேள்பேசி என்றால் வாங்கியவர் வேறு ஏதோ பொருள் விடுபட்டுவிட்டது என்று பெட்டியைத் துழாவுவார். நான் ஹெட்செட் பக்கம்.

சிங்கப்பூர் மாணவர் எழுதியது:

நானும். ஆனால் கேள்பேசி நன்றாக இருக்கிறது, நண்பர்களிடம் சொல்லிப் பார்க்கிறேன்.

சென்னை மொழிபெயர்ப்பாளர் எழுதியது:

வெள்ளி வந்துவிட்டது. தாள் போய்விட்டது. அனுப்பியது இது:

"ஹெட்செட்டைக் கன்சோலின் யூ.எஸ்.பி. வாயிலில் மாட்டவும். நடுவில் ஹப் இருந்தால் அதை எடுத்துவிட்டு நேரடியாக மாட்டிப் பார்க்கவும். திரையில் ஹெட்செட்டின் பெயர் தோன்றாவிட்டால் கழற்றி வேறொரு வாயிலில் மாட்டவும். ஒலி கேட்டு, நீங்கள் பேசுவது மற்றவர்களுக்குக் கேட்காவிட்டால், ஒலி அமைப்புகளில் மைக்காக இந்த ஹெட்செட்டைத் தேர்ந்தெடுக்கவும். மைக் இல்லாத ஹெட்போனில் இந்த வசதி இல்லை."

ஹெட்செட், ஹெட்போன், மைக் மூன்றும் அப்படியே. போர்ட் மட்டும் ஐயாவின் வாயில். "இனங்காணவில்லை", "கண்டறியவில்லை" எதுவும் போடாமல் "பெயர் தோன்றாவிட்டால்" என்று நழுவிவிட்டேன். தம்பி சொன்ன ஒலியடக்குப் பொத்தானைச் சேர்க்க இடமில்லை என்று பதில் வந்தது. கேள்பேசியை நம் சொற்பட்டியலில் உடுக்குறி (*) போட்டு வைத்திருக்கிறேன்.

யாழ்ப்பாணம், பள்ளி ஆசிரியை எழுதியது:

மைக் எதற்கு? ஒலிவாங்கியில் யாருக்கு என்ன விளங்காது? அதையாவது போட்டிருக்கலாம். செவிப்பன்னியையும் பட்டியலில் சேருங்கள், உடுக்குறி இல்லாமல்.

மதுரைத் தமிழாசிரியர் எழுதியது:

பெரும்பான்மைக்கு நான் குறுக்கே நிற்கவில்லை. ஆனால் ஹெட்செட்டுக்கு நான் கை தூக்கவில்லை என்பதைப் பதிவு செய்துகொள்ளவும். பாட்டை பற்றி அன்று பாதியில் நின்றதைத் தனி இழையில் தொடங்குகிறேன், கொஞ்சம் நீளும்.