சேது எஃப்.சி.யின் 2019 கோப்பை யாருடையது?

வைகைக்கரை:
தமிழ்நாட்டுக் கால்பந்து என்று பேச்செடுத்தாலே யாராவது ஒருத்தர் "சேது எஃப்.சி. இந்தியாவையே ஜெயிச்ச டீம் தெரியுமா" என்று மார்தட்டிவிட்டுப் போகிறார். அதைப் பற்றித் தனியாகவே பேசிவிடலாம் என்றுதான் இந்த இழை.

விவரம் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 2016இல் மதுரையின் பெயரில் தொடங்கிய பெண்கள் கிளப். சேது பொறியியல் கல்லூரி நடத்தும் தரப்பினரின் முதலீடு. 2017-18இல் இந்தியப் பெண்கள் லீகில் காலடி வைத்தார்கள். அடுத்த சீசனிலேயே, 2019 மே மாதம் லூதியானாவில், இறுதிப்போட்டியில் மணிப்பூர் போலீஸை 3-1 என்று வென்று சாம்பியன். அதற்கு முன்பு நடந்தது இரண்டே சீசன். ஒன்று இம்பாலுக்கும் ஒன்று ஒடிசாவுக்கும் போயிருந்தது. மூன்றாவதைத் தூக்கியது நம் மாநிலக் கிளப். பெரிய விஷயம், இல்லை என்று யாரும் சொல்லவில்லை.

ஆனால் அந்த அணியில் கோல் அடித்துக் குவித்தவர் நேபாளத்தின் சபித்ரா பண்டாரி. கோச் அமிர்தா அரவிந்த் கேரளாக்காரர். அடுத்த சீசனில் சபித்ரா கோழிக்கோட்டு கிளப்பான கோகுலத்துக்குப் போனார். பெங்களூருவில் நடந்த இறுதிப்போட்டியில் மணிப்பூர் கிளப்பான கிரிஃப்சாவுக்கு எதிராகக் கடைசி நேரத்தில் வெற்றி கோலைப் போட்டதும் அவர்தான். கோப்பை கேரளாவுக்குப் போய்விட்டது. ஒரு ஸ்ட்ரைக்கர் பெட்டியைக் கட்டினால் கூடவே கிளம்பிவிடும் கோப்பையை "மதுரையின் வெற்றி" என்று எப்படிக் கொண்டாடுவது? மதுரைப் பள்ளியில் ஆடி, மதுரை மண்ணில் விழுந்து எழுந்து அந்த அணியில் நின்ற பெண் யார், சொல்லுங்கள்.

கடலூர் எக்ஸ்பிரஸ்:
மதுரையைத் தாண்டித் தமிழ்நாடே கிடையாதா அண்ணே? சந்தியா ரங்கநாதன் எந்த ஊர்? இந்துமதி கதிரேசன் எந்த ஊர்? ரெண்டு பேரும் கடலூர் மாவட்டம். எங்க ஊர் இந்திரா காந்தி அகாடமியில பால் உதைச்சுப் பழகினவங்க. 2017-18 சீசன்ல சேது ஆடின அதே லீக்ல எங்க அகாடமியும் ஆடுச்சு. ஷில்லாங்ல நடந்த அந்த ஏழு டீம்ல ரெண்டு தமிழ்நாடு. அதை இப்ப யாரும் ஞாபகம் வெச்சுக்கிறதே இல்ல.

இன்னொண்ணு. 2018 பிப்ரவரியில கட்டாக்ல நடந்த தேசிய சீனியர் சாம்பியன்ஷிப்ல தமிழ்நாடு மணிப்பூரை 2-1ன்னு தோற்கடிச்சு முதல் தடவையா பட்டம் வாங்குச்சு. மாநில அணி அது. வெளிநாட்டு ஆளை எடுத்துப் போட வழியே கிடையாது. சேது கோப்பை வாங்கினது அதுக்கு அடுத்த வருஷம். வாடகை ஆளை வெச்சு ஜெயிச்சாங்கன்னு எழுதறவங்க இந்த ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பாருங்க.

வைகைக்கரை:
தம்பி, நீங்கள் என் வாதத்தைத்தான் பலப்படுத்துகிறீர்கள். இந்துமதியும் சந்தியாவும் கடலூரில் தயாராகி வந்தவர்கள். சேது அவர்களுக்கு ஜெர்சி கொடுத்தது, அவ்வளவுதான். புகழ் கடலூர் அகாடமிக்குப் போக வேண்டும். ஏழாம் வகுப்புப் பிள்ளையைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து ஆட வைத்தவரின் பெயர் எந்தக் கோப்பையிலும் இல்லை. முதலீடு செய்தவரின் பெயர் கிளப்பிலேயே இருக்கிறது.

ஆஃப்சைடு ராணி:
இந்தக் கேள்வியை ஆம்பளைங்க டீம்கிட்ட யாராச்சும் கேட்டீங்களா?

2019 மார்ச் 9, கோயம்புத்தூர் நேரு ஸ்டேடியம். கோவையில ஆடின சென்னை சிட்டி கிளப், மினர்வா பஞ்சாபை 3-1ன்னு அடிச்சு ஆண்களோட தேசிய லீகான ஐ-லீக்ல சாம்பியன். சேது ஃபைனலும் அதே 3-1, ரெண்டரை மாசம் கழிச்சு. ஒரே சீசன்ல ஆண்கள் ஐ-லீக், பெண்கள் லீக் ரெண்டும் தமிழ்நாட்டுக்கு வந்துச்சு. சென்னை சிட்டியில கோல் அடிச்சுத் தள்ளினது பெத்ரோ மான்சி, உருகுவேக்காரர், ஸ்பெயின்ல ஆடிட்டு வந்தவர். அப்ப இங்க எல்லாரும் "நம்ம கோவை, நம்ம கப்"னு பேனர் வெச்சீங்க. சென்னையின் எஃப்.சி. ரெண்டு தடவை ஐ.எஸ்.எல். (ஆண்கள் இந்தியன் சூப்பர் லீக்) ஜெயிச்சப்ப பிரேசில்காரங்க கோல் போட்டாங்க, நாம விசில் அடிச்சோம். உருகுவேக்காரர் அடிச்சா நம்ம கோல், நேபாளப் பொண்ணு அடிச்சா வாடகை கோலா? பொண்ணுங்க ஜெயிச்சா மட்டும் பிறப்புச் சான்றிதழ் கேக்கறீங்க.

பழைய ஸ்டாப்பர்:
ராணிம்மா, கேட்டோம். நான் கேட்டேன், அப்போது என்னை "நெகட்டிவ் பெருசு" என்றார்கள். சென்னை சிட்டி இன்று எங்கே? 2020-21 சீசனுக்குப் பிறகு ஐ-லீகில் அந்தப் பெயரே இல்லை. அந்தக் கோப்பையால் கோவையில் என்ன மிச்சம்? கிளப் என்பது ஆள் மாறினாலும் ஊரில் நிற்கிற ஒன்று. அந்த அளவுகோலில் ஆண் பெண் பேதம் எனக்கில்லை.

ஆனால் வைகைக்கரை தம்பி சொல்வதிலும் ஒரு ஓட்டை இருக்கிறது. மதுரைக்காரன் சேதுவோடு ஒட்டவில்லை என்றால் அது கிளப்பின் குற்றமா? லீக் நடந்த இடங்களைப் பாருங்கள்: ஷில்லாங், லூதியானா, பெங்களூரு, புவனேஸ்வர், அகமதாபாத். எல்லா அணிகளையும் ஒரே ஊருக்கு வரவழைத்து, சில வாரங்களுக்குள் ஆட்டங்களை அடைத்து முடித்துவிடுவார்கள். அதை லீக் என்று சொல்வதே தப்பு, அது டோர்னமென்ட். சொந்த கிரவுண்டு, வெளி கிரவுண்டு என்று மாறி மாறி ஆடும் முறை 2023-24இல்தான் வந்தது. ஏழு அணிகள், அதில் சேதுவும் ஒன்று. அதாவது சாம்பியன் ஆகி நாலு வருஷத்துக்கு மேல் ஆன பிறகுதான் அந்தக் கிளப்புக்கு லீகில் சொந்த மைதானம் என்ற ஒன்றே கிடைத்தது. கண்ணால் பார்க்காத டீமுக்கு யார் விசில் அடிப்பான்?

வைகைக்கரை:
அய்யா, இந்தப் புள்ளி சரிதான். ஆனால் லீக் வெளியூரில் நடந்தது என்பதால் உள்ளூரில் பள்ளிப் பிள்ளைகளுக்குக் கேம்ப் நடத்தக் கூடாது என்று சட்டமா இருந்தது? அடுத்த சந்தியா மதுரையிலிருந்து வரட்டும், அப்புறம் மாலை போடுகிறேன்.

ஆஃப்சைடு ராணி:
நான் மாவட்ட அளவுல ஆடினவ. ஸ்கூல் பேரு வேணாம். டீமுக்கு மொத்தமே ரெண்டு பால், அதுல ஒண்ணு வளைஞ்சு கோழிமுட்டை ஷேப்ல இருக்கும். அதை உதைச்சா எங்க போகும்னு பாலுக்கே தெரியாது. பூட்ஸ் நாலே ஜோடி. டிஃபென்ஸ்ல நிக்கிறவங்க இன்டர்வல்ல கழட்டிக் குடுப்பாங்க, சப்ஸ்டிட்யூட்டா இறங்கற பொண்ணு ஈரத்தோடயே மாட்டிட்டு ஓடும். சைஸ் பெருசா இருந்தா முன்னாடி துணி திணிச்சுக்குவோம். பன்னெண்டாவது முடிஞ்சதும் எங்க டீம்ல பாதிப் பேருக்குக் கல்யாணப் பேச்சு. மீதிப் பேருக்கு ஸ்போர்ட்ஸ் கோட்டா, போலீஸ் வேலை, அவ்வளவுதான் கனவு. இந்துமதியே தமிழ்நாடு போலீஸ்ல சப்-இன்ஸ்பெக்டர். அந்த வேலை இல்லாம ஃபுட்பால் மட்டும் சோறு போட்டிருக்குமா?

அகில இந்தியக் கால்பந்து சம்மேளனம் 2023ல என்ன அறிவிச்சாங்கன்னா, பெண்கள் மேல்மட்ட லீக்ல ஒவ்வொரு கிளப்பும் குறைஞ்சது பத்து இந்திய வீராங்கனைகளை வருஷத்துக்கு 3.2 லட்சத்துக்குக் குறையாம ஒப்பந்தம் பண்ணணும்னு. கணக்குப் போட்டா மாசம் 27,000 கூட வரல. அதையே பெரிய புரட்சி மாதிரிச் செய்தி போட்டாங்க. அதுக்கு ஏழு வருஷம் முன்னாடி, எந்தக் கட்டாயமும் இல்லாதப்ப, தமிழ்நாட்டுல ஒருத்தர் பொண்ணுங்க டீமுக்குன்னு முதலீடு போட்டிருக்காரு. ரெண்டு ஐ.எஸ்.எல். கோப்பை வாங்கின சென்னையின் எஃப்.சி. அந்த லீகுக்கு ஒரு பெண்கள் அணிகூட அனுப்பினதில்ல. உங்க கேள்வியை முதல்ல அங்க போய்க் கேளுங்க, அப்புறம் சேது பக்கம் வாங்க.

காரியாபட்டி 10:
ஒரு சின்னத் திருத்தம் மக்களே. அந்தக் கல்லூரி இருக்கறது காரியாபட்டி பக்கம், விருதுநகர் மாவட்டம். மதுரைக்காரங்களுக்குக் கோப்பை வேணாம்னா எங்ககிட்ட குடுத்துருங்க, நாங்க பத்திரமா வெச்சுக்கிறோம்.

சீரியஸா ஒண்ணு. "சபித்ரா போனா கோப்பை போச்சு, டீம் போச்சு"ன்னு எழுதின வைகைக்கரை அண்ணனுக்கு 2022 மறந்துபோச்சு. புவனேஸ்வர்ல பன்னிரண்டு டீம், ஆளுக்குப் பதினோரு மேட்ச். சேது வரிசையா பத்து மேட்ச் ஜெயிச்சுது. கோகுலமும் பத்து. மே 26, கலிங்கா ஸ்டேடியம், கடைசி மேட்ச்ல ரெண்டு பேரும் நேருக்கு நேர், ஆளுக்கு 30 பாயின்ட். கோல் வித்தியாசத்துல அவங்க முன்னாடி, அதனால டிரா பண்ணாலே கப் அவங்களுக்கு. எங்களுக்கு ஜெயிச்சே ஆகணும். ஆன்லைன்ல பாத்துட்டு இருந்தேன். மூணாவது நிமிஷமே ரேணு தேவி கோல். நான் கத்தின கத்துல பக்கத்து வீட்டுல லைட் போட்டாங்க. அப்புறம் கோகுலத்துக்குப் பெனால்டி, ஆஷாலதா வந்து போட்டாங்க, 1-1. அதுக்கப்புறம் அவங்க டீம்லயே எல்ஷதாய், மனிஷா கல்யாண் ஆளுக்கு ஒண்ணு. இன்டர்வல்லயே 3-1. செகண்டு ஹாஃப் முழுக்க நம்ம பொண்ணுங்க முட்டி மோதினாங்க, ஒண்ணும் உள்ள போகல.

பதினோரு மேட்ச்ல பத்து ஜெயிச்சும் கப் இல்ல. அப்ப டீம்ல சபித்ராவும் இல்ல. ஒரு ஆளை நம்பின கிளப்பு இப்படியா ஆடும்?

கடலூர் எக்ஸ்பிரஸ்:
அந்த சீசன்ல சேது கோச் கிறிஸ்பின் செத்ரி. அடுத்து ஒடிசா எஃப்.சி.க்குப் போயி 2023-24 கப் வாங்கிக் குடுத்தாரு. அப்புறம் இந்திய அணி கோச். 2025 ஜூலைல தாய்லாந்தை அவங்க ஊர்லயே 2-1ன்னு ஜெயிச்சு ஆசியக் கோப்பைக்குத் தகுதி வாங்கினப்ப பெஞ்சுல நின்னது அவர்தான். சந்தியாவும் கோகுலம், ஈஸ்ட் பெங்கால்னு போயிட்டாங்க. சேதுவுல இருந்து கிளம்புற ஆளு சும்மா போறதில்ல.

வைகைக்கரை:
பார்த்தீர்களா, "கிளம்புற ஆளு" என்று நீங்களே எழுதிவிட்டீர்கள். என் ஆதங்கமே அதுதான். கோகுலத்துக்குப் பின்னால் ஒரு சிட்ஃபண்டு குழுமம், ஒடிசாவில் மாநில அரசின் ஆதரவு, ஈஸ்ட் பெங்காலுக்கு நூற்றாண்டு கண்ட ரசிகர் கூட்டம். சேதுவுக்கு ஒரு கல்லூரி. நல்ல ஆள் உருவானால் பெரிய கை வந்து தூக்கிக்கொண்டு போய்விடும். உள்ளூர்ப் பிள்ளைகளை அடிமட்டத்திலிருந்து வளர்த்து வைத்திருந்தால் ஒருத்தி போனாலும் இன்னொருத்தி வரிசையில் நிற்பாள். கிளப்பைக் குறை சொல்லவில்லை, அதன் அஸ்திவாரத்தைக் கேட்கிறேன்.

பழைய ஸ்டாப்பர்:
பெரிய கை இல்லை என்பதோடு, ஜெயித்தபோதும் கைக்கு எதுவும் வரவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். 2019 கடைசியில் ஆசியாவின் பெண்கள் கிளப் போட்டியை முதல்முறை வெள்ளோட்டமாகக் கொரியாவில் நடத்தினார்கள். ஜப்பான், கொரியா, சீனா, ஆஸ்திரேலியா என்று நாலு நாட்டுக் கிளப்புகள் மட்டும். இந்தியாவுக்கு இடமில்லை. அப்போது இந்திய சாம்பியன் சேது. அடுத்த சாம்பியனான கோகுலம் 2021இல் ஜோர்டான் போய் ஆடியது, உஸ்பெகிஸ்தான் அணியை 3-1 என்று ஜெயித்தது, பெயர் வாங்கியது. ஒரு வருஷம் தள்ளி ஜெயித்திருந்தால் அந்த விமானத்தில் சேது ஏறியிருக்கும். ஆசியப் போட்டி ஆடிய கிளப்புக்கு ஸ்பான்சர் தேடி வருவான். உள்நாட்டில் மட்டும் ஜெயித்தவனுக்குப் பொன்னாடைதான்.

காரியாபட்டி 10:
அந்தப் பொன்னாடையாவது போட்டாங்களாய்யா?

ஆஃப்சைடு ராணி:
வைகைக்கரை சார், ஒரே கேள்வி, நேரா பதில் சொல்லுங்க. 2023 ஜூன்ல அமிர்தசரஸ்ல தமிழ்நாடு மறுபடியும் தேசிய சாம்பியன், ஹரியானாவை 2-1. மாநில அணி வருஷத்துல சில வாரம் கூடும், கலையும். மீதி மாசமெல்லாம் இந்தப் பொண்ணுங்க எங்க போய் ஆடுவாங்க? யார் சாப்பாடு போடுவாங்க? சேது இல்லாத தமிழ்நாட்டுல மேல்மட்ட லீக் ஆடணும்னா எல்லாரும் கோழிக்கோட்டுக்கோ கொல்கத்தாவுக்கோ ரயில் ஏறணும். இல்லன்னு சொல்லுங்க பாப்போம்.

வைகைக்கரை:
ஏறத்தான் வேண்டும், இல்லை என்று சொல்ல மாட்டேன். தமிழ்நாட்டுக்கு ஒரே ஒரு கதவு இருக்கிறது, அது சேது. நான் கேட்பது அந்தக் கதவு வெளியே போக மட்டும்தானா, ஏழாம் வகுப்புப் பிள்ளை உள்ளே வரவுமா என்பதுதான். மதுரையில் பதினான்கு வயதுக்குட்பட்ட பெண்களுக்கு வாரத்தில் மூன்று நாள் யாராவது பயிற்சி கொடுக்கிறார்கள் என்றால் இடத்தையும் நேரத்தையும் இங்கே எழுதுங்கள். என் அண்ணன் மகளுக்குப் பதினோரு வயது, இடது கால்காரி. கூட்டிக்கொண்டு வருகிறேன்.

பழைய ஸ்டாப்பர்:
இடது காலா? முதலிலேயே சொல்லக் கூடாதா தம்பி. எண்ணைத் தனிச்செய்தியில் அனுப்புங்கள். ஞாயிறு காலை ஆறு மணிக்கு ரேஸ்கோர்ஸ் கேட் பக்கம் வாருங்கள், ஓடும்போது எந்தத் தோள் முன்னால் போகிறது என்று பார்க்கிறேன். கோப்பை யாருடையது என்ற சண்டையை அங்கே வைத்துக்கொள்ள வேண்டாம், பிள்ளைக்குக் காதில் விழும்.